இரண்டு மீட்டர், ஒரு பில்

அப்பா கட்டிய வீட்டைப் பிரித்தபோது அண்ணனும் தம்பியும் மின் இணைப்பையும் இரண்டாக்கிக்கொண்டார்கள். அதன் பிறகு அவர்களுக்குள் பேச்சு இல்லை. இந்த முறை, இரண்டும் ஒரே குடும்பம்தான் என்று புதிதாக மாட்டிய ஸ்மார்ட் மீட்டரே முடிவுசெய்து ஒரே பில்லாகப் போட்டுவிட்டது. தனித்தனிச் சலுகை போய், தொகை எகிறியிருந்தது.

மாடியில் குடியிருக்கும் தம்பி தவசிக்கனி, படியோரச் சுவரில் இருந்த தன் மீட்டரிடம் சண்டைக்கு நின்றான்.

"வருசக்கணக்கா மூஞ்சில முழிக்கல. இதுல என்ன ஒரே குடும்பம்?"

"நீங்கள் வேலை முடிந்து மாடி ஏறிய பிறகுதான் கீழ்வீட்டில் உங்கள் அண்ணன் படிக்கட்டு விளக்கை அணைக்கிறார். அவருடைய ஆஸ்துமா மெஷின் ஓடி நிற்கும்வரை உங்கள் அறையில் விளக்கு எரிகிறது. ஒருநாளும் தவறியதில்லை," என்றது மீட்டர்.

அண்ணன் விளக்கை அணைக்க மறந்துவிடுகிறார் என்றே தவசிக்கனி இதுவரை நினைத்திருந்தான். தன் அறை விளக்கைப் பற்றி அவன் யாரிடமும் சொன்னதில்லை. தன்னை அறியாமல் செருப்பைக் கழற்றிவிட்டு, அந்தச் சின்னப் பெட்டியின் முன் நின்றான்.

"இருவரும் நேரத்தோடு அணைத்தால் அடுத்த முறை பில் பிரிந்துவிடும்," என்றது அது.

"சுவத்தோட என்ன பேச்சு? உங்க அண்ணன்கிட்ட போய்ச் சொல்லுங்க, வெளக்க அணைக்கச் சொல்லி," என்றாள் மனைவி பேச்சி, மேலிருந்து.

அவன் இறங்கிப் போய்க் கதவைத் தட்டினான். அண்ணன் திறந்தார்.

"என்னல?"

"பில்லு ஒண்ணா வந்திருக்குண்ணே," என்றான். "அப்படியே இருக்கட்டும். பாதிய நான் தாரேன்."