திரைக்கு அப்பால்

போரில் தோற்றுத் திரும்பிய நாளிலிருந்து கண்டோஜி ராஜா தம் அறையை விட்டு வெளியே வரவில்லை. அரியணையில் அவருடைய வாளே வைக்கப்பட்டது. குடிகளும் அதையே வணங்கினர். இப்போது திருமணத்துக்கும் அந்த வாளே வந்திருந்தது. ராஜாவுக்குப் பதிலாக வாளை மணமகனாக நிறுத்துவது அந்த அரசகுலத்தில் வழக்கம்தான்.

மராட்டிய முறைப்படி மணமக்களுக்கு நடுவே வெண்பட்டுத் திரை பிடிக்கப்பட்டது. “நல்ல மாப்பிள்ளை! விருந்தில் ஓர் இலை மிச்சம்” என்று பெண்கள் சிரித்தனர். மந்திரங்கள் முடிந்தன. திரையை இறக்க வேண்டியதுதான்.

“இறக்காதீர்கள்” என்றாள் மணமகள் சகுணாபாய். “திரை இறங்கியதும் மணமகன் என்னைப் பார்க்க வேண்டும். இந்த வாளுக்குக் கண் எங்கே இருக்கிறது?”

வாளைக் கொண்டுவந்த திம்மாஜி பந்த் கைகூப்பினார். “பாய் சாகேப், அவர் வரமாட்டார். தோற்ற முகத்தை எவருக்கும் காட்டமாட்டேன் என்கிறார்.”

“தோற்ற முகம் எப்படியிருக்கும் என்று எனக்குத் தெரியாது. நானே பார்த்துத் தெரிந்துகொள்கிறேன் என்று போய்ச் சொல்லுங்கள். அதுவரை இங்கேயே நிற்பேன்.”

பந்த் குதிரையேறினார். திரை பிடித்தவர்களுக்குக் கை கடுத்தது. வேறு இருவர் வாங்கிக்கொண்டனர். விருந்துச் சோறு ஆறிப்போயிற்று. சிரித்த பெண்களே அவளுக்குத் தண்ணீர் கொண்டுவந்து தந்தனர்.

மாலையில் வாசலில் குதிரைகள் வந்து நின்றன. திரைக்கு அப்பால் யாரோ வாளை எடுத்து ஓரமாகச் சாய்த்துவைக்கும் ஓசை கேட்டது. பிறகு, நெடுநாள் பேசாத தொண்டையின் கரகரப்புடன் ஒரு குரல் வினவியது: “இப்போதும் பார்க்க வேண்டுமா?”

சகுணாபாய் திரை பிடித்தவர்களை நோக்கித் தலையசைத்தாள்.