அண்டவிடாதே

காவல்காரர் சென்னியண்ணன் கேட்டைத் திறக்கவில்லை.

முதலாளி காரில் இருந்தபடியே இரண்டு தடவை ஹாரன் அடித்தார். அப்புறம் இறங்கி வந்தார்.

செருப்பின் ஓரத்தில் சுண்ணாம்பு. நோயில் செத்த கோழிகளைக் குழியில் கொட்டி மேலே தூவுகிற சுண்ணாம்பு.

"மச்சான் பண்ணைக்குப் போய்ட்டு வர்றீங்களாட்ட இருக்குதுங்க."

"ஆமா சென்னியண்ணா. நாலாயிரம் உருப்படி சுருண்டுருச்சு. போய் ஒரு வார்த்தை கேக்காட்டி காலத்துக்கும் சொல்லிக் காட்டுவான். தொறங்க."

உள்ளே முப்பதாயிரம் கோழி. இதுவரை ஒன்றுகூடத் தலை தொங்கவில்லை.

கேட்டில் டாக்டர் ஒரு பலகை மாட்டியிருந்தார். 'உயிரிப்பாதுகாப்பு' என்று நீளமான சொல். படித்துக் காட்டியபோதே சென்னியண்ணனுக்கு நம்பிக்கை வரவில்லை. வாயிலேயே நுழையாத சொல், நோயை எங்கே நிறுத்தப்போகிறது?

அவருக்குத் தெரிந்தது அண்டவிடாதே. அம்மை போட்ட வருஷம், வாசலில் வேப்பிலை செருகிக்கொண்டே ஆத்தா சொன்னது.

அண்டுவது என்றால் கிட்டே வருவது. போக்கிடம் இல்லாமல் ஒருத்தன் நிழலுக்கு வந்து நிற்கிறானே, அதுவும் அண்டுவதுதான்.

பதினெட்டு வருஷத்துக்கு முன்னால் அவர் அப்படித்தான் இந்தக் கேட்டுக்கு வந்தார். உள்ளே விட்டது இதே முதலாளி.

அவர் அதை மறக்கவில்லை.

பூட்டையும் தொடவில்லை.

"குளிச்சுட்டு, துணி மாத்திட்டு வாங்க. உங்களுக்குப் பின்னால குழாய் இருக்குதுங்க."

"இது யாரு பண்ணைண்ணா?"

"உங்களுதுங்க. வேற எவனுதாவதா இருந்தா எனக்கென்னன்னு தொறந்துருப்பேன்."

முட்டை பொறுக்கும் பெண்கள் மூன்று பேர், அட்டையைக் கையில் வைத்துக்கொண்டு பார்த்தார்கள். ஒருத்தி சிரிப்பை அடக்க முந்தானையைக் கடித்தாள்.

முதலாளி அதைப் பார்த்துவிட்டு அவர் பக்கம் திரும்பினார்.

"நாளையில இருந்து வேலைக்கு வர வேண்டாம்."

"சரிங்க. இன்னைக்குப் பொழுது வரைக்கும் நாந்தானுங்களே."

கார் கதவு திறந்தே கிடந்தது. முதலாளி காரைப் பார்த்தார். குழாயைப் பார்த்தார்.

அவர் காவல் அறைக்குள் போய், துவைத்து மடித்த தன் வேட்டியை எடுத்துவந்து கம்பி வழியாக நீட்டினார். நீட்டிய கையை இறக்கவில்லை.

கடைசியில் வேட்டி கை மாறியது.

"அங்க என்னங்க வேடிக்கை. அந்தப் பக்கம் திரும்புங்க" என்று அவர் பெண்களை அதட்டினார்.

தானும் திரும்பிக்கொண்டார்.

தண்ணீர் விழும் சத்தம் கேட்க வெகுநேரம் ஆயிற்று.