புது டீக்கன் வீட்டு விருந்து

"சர்ச்சுக்குப் புது டீக்கன் இந்த வீட்லதான்னு சொன்னாங்க. டீக்கன்னா என்னங்க அர்த்தம்?" என்று கேட்டார், விருந்துக்கு வந்த பக்கத்து வீட்டுக்காரர்.

அந்த வீட்டுக்காரரான தையல்காரர் தொண்டையைச் செருமிக்கொண்டார். "அது கிரேக்க வார்த்தைங்க. பந்தியில பரிமாறுற வேலையாள்னு அர்த்தம். பின்னாடிதான் பதவியாச்சு."

"அளந்தது போதும், வந்து பரிமாறுங்க!" என்று உள்ளேயிருந்து மனைவி குரல் கொடுத்தாள்.

கரண்டியும் கையுமாக அவர் பம்பரமாய்ச் சுழன்றார். சாப்பிட்டு முடித்த விருந்தாளி நெகிழ்ந்துபோய்ப் பூங்கொத்தை நீட்டினார். "டீக்கன்னா இப்படித்தாங்க இருக்கணும்!"

"ஐயோ, அதை அவகிட்ட குடுங்க!" என்று அசடு வழிந்தார் தையல்காரர். "நானும்தான் தேர்தல்ல நின்னேன். ஜெயிச்சா பேசலாம்னு இதையெல்லாம் மனப்பாடம்கூட பண்ணினேன். கடைசியில பதவி அவளுக்குப் போச்சு, அர்த்தம் எனக்கு வந்துச்சு."