ஜன்னலுக்கு வெளியே மெர்ல்

“கையை எடுங்க ஆர்லன். என் வீட்டுக்காரர் பாத்துட்டிருக்காரு!”

டோரீன் சொன்னதும், சூடான அடுப்பைத் தொட்டவர் போல ஆர்லன் கையை இழுத்துக்கொண்டார். மோதிரப் பெட்டி மறுபடியும் சட்டைப் பைக்குள் போனது. இதோடு நாலாவது ஞாயிறு.

டோரீனின் கணவர் மெர்ல் இறந்து மூன்று வருடமாகிறது. ஆனால் ஒஹாயோவில் செத்துப்போனவர்கள் சும்மா இருப்பதில்லை. கார்டினல் குருவியாக வந்து ஜன்னலுக்கு வெளியே தீனித் தட்டில் உட்கார்ந்துகொள்கிறார்கள்.

“திரும்பிப் பாக்காதீங்க, முறைக்கிறாரு.”

“அவர் ரொம்ப சாதுன்னு ஊரே சொல்லுமே?”

“வாயில்லாப் பூச்சி! அவங்கம்மா போன மறுமாசமே, சத்தம் போடாம அவங்க பின்னாலயே போயிட்டாரு. என் சமையலை ஒரு நாள் குறை சொன்னதில்ல. இப்ப என்னடான்னா, நான் அடுப்பைப் பத்த வெச்சாலே ஜன்னலைக் கொத்துறாரு. காலையில ஏழு மணிக்கு மேல தூங்க விடறதில்ல!”

ஆர்லனுக்குப் பொறுக்கவில்லை. இருபது வருடமாக ஊர்ப் பறவைக் கணக்கெடுப்பில் முன்னால் நிற்கிற மனிதர், ஒரு குருவிக்கு முதுகைக் காட்டிக்கொண்டு எத்தனை ஞாயிறுதான் உட்காருவார்? குளிக்கும்போது மட்டும் கழற்றுகிற பைனாகுலரைத் தூக்கிக்கொண்டு சடாரென்று திரும்பினார்.

பனி படிந்த தட்டில் அது சூரியகாந்தி விதையை உடைத்துக்கொண்டிருந்தது.

“கொண்டை செகப்பு, சரி. தடிச்ச மூக்கு, அதுவும் செகப்பு. கார்டினலேதான்” என்று முனகியவர் திடீரென்று துள்ளினார். “ஆனா உடம்பைப் பாருங்க டோரீன், பழுப்பு! ஆம்பளையா இருந்தா உச்சியிலேருந்து வால் வரைக்கும் செக்கச்செவேல்னு இருக்கணும். இது பொம்பளை! மெர்லே இல்ல!”

டோரீன் பைனாகுலரைப் பிடுங்கிப் பார்த்தார். குருவி பறந்துவந்து கண்ணாடியை டொக் டொக்கென்று கொத்தியது. டோரீனின் முகம் இறுகிப்போனது.

மூன்று வருட ஆறுதலில் மண்ணைப் போட்டுவிட்டோமே, இனி இந்த வாசற்படியை மிதிக்க விடுவாரா என்று ஆர்லன் தன்னையே நொந்துகொண்டார்.

டோரீன் எழுந்துபோய் ஜன்னல் திரையை முழுசாக விலக்கினார். திரும்பி வந்து, ஆர்லன் முன்னால் விரலை நீட்டினார்.

“மோதிரத்தைப் போடுங்க. என் மாமியார் கண்ணாரப் பாக்கட்டும்!”