உள்கிளைப் பழம்

கிட்ட வந்து உட்காருங்க. சத்தம் போட்டுச் சொல்கிற கதை இல்லை இது.

ஒரே தெருவில் எதிரும் புதிருமாக ரெண்டு சைக்கிள் கடை. இந்தப் பக்கம் பெரியவன், அந்தப் பக்கம் சின்னவன். கூடப் பிறந்தவர்கள். முன்னே அது ஒரே கடைதான். ஒரு நாள் பூட்டாமல் போனது நீயா நானா என்று ஆரம்பித்த சண்டையில் கடையும் ரெண்டாச்சு, பேச்சும் நின்றுபோச்சு.

பெரியவனுக்குக் காற்றடிக்கிற பம்ப் வேண்டுமென்றால் வந்தவரிடம்தான் சொல்லி அனுப்புவான்.

"எதிர்க்கடையில கேட்டு வாங்கிட்டு வாங்களேன்."

"உங்க தம்பிதானே, நீங்களே கேக்கக் கூடாதா?"

"எனக்கு சைக்கிள்தான் தெரியும். தம்பியெல்லாம் தெரியாது."

இவர்களுக்கு மூத்தவள் ஒரு அக்கா. அவள் படுக்கையில் விழுந்தாள். கஞ்சித் தண்ணிகூட இறங்கவில்லை. டாக்டரும் கையை விரித்துவிட்டார். அந்த நிலைமையில், பார்க்க வந்த பெரியவனிடம் கேட்டாள்.

"டேய், காட்டோரத்துல களாச்செடி இருக்கில்ல? பழம் பறிச்சுட்டு வாடா. நாக்கு கேக்குது."

பெரியவன் போனான். முள்ளுக்குப் பயந்து வெளிக்கிளையில் அகப்பட்டதைப் பறித்து வந்தான்.

அக்கா ஒன்றை எடுத்து வெளிச்சத்தில் பார்த்தாள். "செங்காயைக் கொண்டாந்திருக்கே. கறுத்துப் பழுத்தது உள்கிளையிலதான்டா இருக்கும்."

மறுநாள் சின்னவன் வந்தான். அவனிடமும் அதே பாட்டு. அவன் செடிக்குள் கையை விட்டதில் முழங்கை வரை முள் கிழித்ததுதான் மிச்சம். கைக்கு எட்டின நாலு செங்காயைக் கொண்டு வந்தான். அதை அக்கா தொடவே இல்லை.

"ஒருத்தன் கிளையைத் தூக்கிப் பிடிச்சாத்தான் ஒருத்தன் பறிக்க முடியும். சின்ன வயசுல அப்படித்தானே பறிச்சீங்க?"

"அந்த ஆளோட என்னால போக முடியாதுக்கா."

"அப்ப எனக்குப் பழம் கிடைக்காது. போ."

பெரியவன் பெண்டாட்டி வாசலில் நின்று முணுமுணுத்தாள். "போற நேரத்துல நாக்கை அடக்க முடியலை பாரு. ரெண்டு பேரையும் முள்ளுல போட்டு இழுக்குது."

அவன் வந்து கூப்பிடட்டும் என்று இவன். இவன் வந்து கூப்பிடட்டும் என்று அவன். இன்றைக்கு நாளைக்கு என்று தள்ளிக்கொண்டே போனார்கள். அக்காவின் குரல் தேய்ந்துகொண்டே வந்தது.

கடைசியில் ஒரு காலையில் சின்னவன்தான் தெருவைத் தாண்டினான்.

"கிளையைப் பிடிக்க வரியா?"

செடி வரைக்கும் பேச்சில்லை. பெரியவன் கவைக்கம்பை மாட்டி முள்கிளையைத் தூக்கினான். சின்னவன் தலையை உள்ளே நுழைத்தான்.

"இன்னும் தூக்கு."

"தூக்கிட்டுத்தானே நிக்கிறேன்."

"விட்டுடாதே. கண்ணு போயிடும்."

"விடமாட்டேன்டா."

அந்த 'டா'வைக் கேட்டுச் சின்னவன் கை கொஞ்ச நேரம் அப்படியே நின்றது. அதற்கப்புறம் பேச்சு நிற்கவில்லை. கடையைப் பூட்டாதது யார் என்று மறுபடியும் சண்டை போட்டார்கள், சிரித்துக்கொண்டே. வெயில் ஏறினது தெரியவில்லை.

பை நிறையக் கறுத்த பழத்தோடு வந்தார்கள். வீட்டு வாசலில் கூட்டம் நின்றது.

அக்கா போய்விட்டிருந்தாள்.

பெரியவன் அக்கா புருஷன்மேல் பாய்ந்தான். "ஏன் மாமா போன் பண்ணலை? எல்லாத்தையும் போட்டுட்டு ஓடி வந்திருப்போமே! கடைசியா ஒரு பழமாவது வாயில வச்சிருப்பாளே!"

"அவளா? அவளுக்குப் புளிப்பே ஆகாதேப்பா. கட்டிக்கிட்ட நாள்ல இருந்து அவ களாப்பழம் தின்னு நான் பார்த்ததில்லை. கூடப் பிறந்த உங்களுக்குமா அது மறந்துபோச்சு?"

பெரியவன் பழப் பையைக் குனிந்து பார்த்தான்.

சின்னவன்தான் மெல்லக் கேட்டான். "அதுக்காக எங்களைக் கூப்பிடாம விட்டுடுவீங்களா மாமா?"

"நீங்க சேர்ந்து கிளம்பினீங்கன்னு சொன்னதும் அப்படி ஒரு சிரிப்பு சிரிச்சா. கொஞ்ச நேரத்துலயே மூச்சு வாங்க ஆரம்பிச்சிருச்சு. பதறிப்போய்ப் போனை எடுத்தேன். 'வேண்டாங்க, இப்பத்தான் பேச ஆரம்பிச்சிருப்பானுங்க'ன்னா. நான் கேக்காம நம்பரை அழுத்தினேன். போனைப் புடுங்கித் தலையணைக்கு அடியில சொருகி, மேலேயே தலையைச் சாய்ச்சுக்கிட்டா."