முடியாது

"வேணும்னா எழுத்துலயே தர்றேன். வாங்கிட்டுப் போய்க்கிட்டே இரு."

சொன்னதோடு நிற்கவில்லை அந்த அதிகாரி. பம்ப் ஆபரேட்டரின் மனுவைப் பிடுங்கி, அதன் கீழேயே எழுதினார்: 'இவரிடம் தினமும் வேலை வாங்குகிறோம். சம்பளம் தர முடியாது. பணி நீட்டிப்பு ஆணை இல்லை.'

கையெழுத்துப் போட்டு, சீல் குத்தி, அதன் நகல் ஒன்றைத் தன் ஃபைலில் செருகிக்கொண்டு, மனுவை மேஜையில் தள்ளிவிட்டார். "அடுத்த ஆள்."

ஆபீஸே அவரைச் சிடுமூஞ்சி என்றுதான் சொல்லும்.

ஆபரேட்டருக்கு உடம்பெல்லாம் எரிந்தது. பாதி வருஷத்துக்கு மேல் சம்பளம் இல்லை. பிரசவத்துக்குப் போன மனைவியையும் கைக்குழந்தையையும் இன்னும் கூட்டி வர முடியவில்லை. வாடகை வீட்டையே காலி பண்ணிவிட்டு பம்ப் ரூமில்தான் படுக்கை. போன வாரம் மச்சான் எல்லார் முன்னாலும் சிரித்துக்கொண்டே கேட்டான், ஊருக்கே தண்ணி விடுற மாப்பிள்ளைக்கு அரசாங்கம் தண்ணி காட்டுதாமே என்று.

வெளியே தலைமை எழுத்தர் தோளில் கை போட்டார். அவருக்குப் பட்டப்பெயர் சர்க்கரை. யாரையும் இல்லை என்று திருப்பி அனுப்பியதே கிடையாது. உட்கார வைப்பார், டீ சொல்வார், குழந்தை எப்படி இருக்கிறது என்பார், அடுத்த வாரம் கண்டிப்பாய் வந்துவிடும் என்பார். பாதி வருஷமாய் இதேதான்.

காகிதத்தைப் படித்ததும் அவர் சிரிப்பு ஒரு நிமிஷம் காணாமல் போனது.

"இதை எங்கிட்ட விட்டுட்டுப் போ தம்பி. நான் பேசிக்கிறேன்."

"இல்லண்ணே. இதைக் காட்டினாத்தான் நான் பொய் சொல்லலைன்னு மாமனார் வீட்டுல நம்புவாங்க."

சர்க்கரை வற்புறுத்தவில்லை. ஆனால் இந்த ஆளைச் சும்மா விடக்கூடாது என்றார். ஊழியரைக் கேவலமாய் நடத்தினார், வரம்பு மீறி உத்தரவு எழுதினார் என்று மேலிடத்துக்கு ஒரு புகார் போடச் சொன்னார். அவரே எழுதியும் கொடுத்தார்.

ஆபரேட்டர் போட்ட கையெழுத்தில் பேப்பர் கிழியப் பார்த்தது.

அடுத்த லீவு நாளில் மாமனார் வீட்டுக்குப் போனான். காகிதத்தைப் படித்த மச்சானுக்குக் கேலி மறந்துபோயிற்று. மறுநாள் காலையிலேயே தெரிந்த வக்கீலம்மாவிடம் இழுத்துக்கொண்டு போனான்.

வக்கீலம்மா ஒரு தடவை படித்தார். கண்ணாடியைத் துடைத்துப் போட்டு மறுபடி படித்தார்.

"இவர் உங்களுக்குச் சொந்தமா?"

"சொந்தமா? அந்தச் சிடுமூஞ்சி மூஞ்சியிலயே இனி முழிக்க மாட்டேம்மா."

இந்த மாதிரிக் கேஸில் யாருமே முடியாது என்று எழுத மாட்டார்கள் என்றார் அவர். அடுத்த வாரம், அடுத்த மாசம் என்று வாயாலேயே ஓட்டுவார்கள். கோர்ட்டுக்குப் போனால், நாங்கள் எப்போது மறுத்தோம், பரிசீலனையில்தான் இருக்கிறது என்பார்கள். வருஷக்கணக்கில் இழுக்கும்.

"இதுல வேலை வாங்குறோம்னு அவரே ஒத்துக்கிட்டாரு. சம்பளம் கிடையாதுன்னும் அவரே சொல்லிட்டாரு. எந்த ஜட்ஜும் இதை விடமாட்டாங்க. உங்க பணம் வந்துரும்."

"கோவத்துல தெரியாம எழுதிட்டாரோ என்னவோ."

"அவ்வளவு பெரிய சீட்டுல இருக்கறவருக்குத் தெரியாதா? தன் வேலைக்கே உலை வைப்பாங்கன்னு தெரிஞ்சேதான் எழுதியிருக்காரு. எல்லார் எதிர்லயும் உங்ககிட்ட நல்லாப் பேசிக்கிட்டே இதைக் குடுக்க முடியுமா?"

அவன் பஸ்ஸுக்குக்கூட நிற்காமல் ஆபீஸுக்கு ஓடினான். காலில் விழுந்தாவது அந்தப் புகாரைத் திரும்ப வாங்கிவிட வேண்டும்.

அதிகாரியின் அறைக் கதவைத் திறந்தான்.

உள்ளே, அந்த நாற்காலியில் சர்க்கரை உட்கார்ந்திருந்தார்.

"வா தம்பி, உட்காரு. உன் புகார் நல்லா வேலை செஞ்சுது. ஆளை சஸ்பெண்ட் பண்ணியாச்சு. இனிமே அவனுக்கும் சம்பளம் கிடையாது."