கல் சங்கு

எண்பத்து மூன்றாம் வருடத்துக் கோடை வெயில் அரியலூர்ச் சுண்ணாம்புக் கல்லில் பட்டுக் கண்ணைக் கூசச் செய்கிறது. நாற்பது அடி தோண்டியும் கிணற்றில் ஈரமில்லை. அடியில் கடப்பாறைச் சத்தம் நின்று, அங்கமுத்துவின் குரல் மேலேறி வருகிறது: “கேட்டுச் சொல்லுங்கண்ணே, தோண்டவா, ஏறிடவா?” ராசாங்கம் துணியைப் பிரித்து ஊர்ப்பொதுச் சங்கை எடுக்கிறான். இங்கே கடல் கிடந்த காலத்தில் கல்லாகிப்போன சங்கு அது. காதில் வைத்தால் பாடும். ஓர் ஆளுக்கு ஆயுளில் ஒரே தடவைதான். பூமிக்கடியில் இருக்கும் தண்ணீரைக் கேட்கலாம், அல்லது செத்துப்போனவர் குரலைக் கேட்கலாம். தண்ணீர் இல்லாவிட்டால் மணல் உதிரும் ஓசையாவது வரும். முன்பே கேட்டுவிட்டவருக்குத்தான் அது வெறும் கல். ராசாங்கம் அதன் வாயில் “தண்ணி” என்று சொல்லி வலது காதில் வைக்கிறான், பிறகு இடது காதில். நெற்றி வியர்வை சங்கின் சுருளில் சொட்டுகிறது. “ஒண்ணுமே கேக்கல” என்கிறான், மனைவி காத்தாயியின் முகத்தைப் பார்க்காமல். இறந்துபோன மகளின் குரலுக்கென்று ஆறு வருடமாகத் தன் ஒரு தடவையைச் சேமித்து வைத்திருப்பவள் அவள். கொஞ்ச நேரம் அவன் கையையே பார்க்கிறாள். பிறகு சங்கை வாங்கி, அவளும் அதன் வாயில் “தண்ணி” என்று சொல்லிவிட்டுக் காதோடு அணைத்துக்கொள்கிறாள். குனிந்து கிணற்றுக்குள் குரல் கொடுக்கிறாள்: “இருக்கு, தோண்டுங்க!” கடப்பாறை மறுபடியும் விழத் தொடங்குகிறது. சங்கைத் துணியில் சுற்றியபடியே, அவனுக்கு மட்டும் கேட்கும்படி கேட்கிறாள்: “உங்ககிட்ட நம்ம புள்ள என்ன சொல்லுச்சு?”